உள்ளே விட்ட துணி

அந்த மத்தியானம் பட்டாபிராமில், ஸ்டெல்லாவின் வீட்டு வாசலில் போய் நின்றபோது என் கையில் ஒரு கட்டைப்பை. பைக்குள் பன்னிரண்டு ஜாக்கெட். ஒன்றுக்குக்கூட ஹூக் வைக்கவில்லை. கிறிஸ்துமஸுக்குப் பத்து நாள்தான் இருந்தது.

ஸ்டெல்லா என் தையல் கடையில் பதினான்கு வருஷம் வேலை பார்த்தவள். நான் வெட்டுவேன், மிஷினில் ஓட்டுவேன். ஹூக், காஜா, ஹெம்மிங், இஸ்திரி எல்லாம் அவள். அவள் கை பட்டு முடிந்தால்தான் அது உடுத்துகிற துணி. அப்படிப்பட்டவள் பதினாறு நாளாகக் கடைக்கு வரவில்லை. போன் பண்ணினால், "உடம்பு சரியில்லக்கா." அதற்கு மேல் கேட்டால், "அப்புறம் பேசறேன்க்கா." அவ்வளவுதான்.

கோபத்தோடுதான் கிளம்பினேன் என்பதை ஒளிக்க என்ன இருக்கிறது. உடம்பு சரியில்லாதவளைப் பார்க்கப் போகிறவள் நாலு ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு போவாள். நான் ஹூக் வைக்கிற வேலையைத் தூக்கிக்கொண்டு போனேன்.

பட்டரவாக்கத்தில் ஏறியதிலிருந்து ரயிலில் எல்லோரும் என்னையே பார்ப்பது போல இருந்தது. எதிர் சீட்டில் இருந்த காலேஜ் பெண் என்னைப் பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிச் சிரித்தது. மூஞ்சியில் கோபம் அவ்வளவு அப்பட்டமாகத் தெரிகிறதோ என்று நினைத்தேன்.

கதவைத் திறந்த ஸ்டெல்லா என் முகத்தைப் பார்க்கவில்லை. கழுத்தைப் பார்த்தாள்.

"இன்னாக்கா இது, டேப்பக் கயட்டாமயே ரயில்ல வந்துக்கீற?"

தொட்டுப் பார்த்தேன். காலையில் கடையில் மாட்டிய இஞ்ச் டேப் அப்படியே தொங்கிக்கொண்டிருந்தது.

அவள் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவளுடைய வீட்டுக்குள் நான் போவதற்கு முன்னால், நான் எவ்வளவு பெரிய புத்திசாலி என்பது உங்களுக்குத் தெரிய வேண்டும். இல்லாவிட்டால் உள்ளே நடந்தது விளங்காது.

நிற்பதற்குத் தைத்த ஜாக்கெட்

மண்ணூர்பேட்டையில் என் கடை பத்துக்குப் பத்து. பக்கத்திலேயே எஸ்டேட், அதாவது தொழிற்பேட்டை. காலையிலும் சாயங்காலமும் தெரு முழுக்க அடையாள அட்டை மாட்டிய பெண்கள் போவார்கள், வருவார்கள். நானும் அந்த எஸ்டேட்டில் ஒரு ஏற்றுமதிக் கம்பெனியில் எட்டு வருஷம் காலர் தைத்தேன். காலர் மட்டும். முழுச் சட்டையைக் கண்ணால் பார்த்ததில்லை. என் அம்மா அடுத்தவர் வயலில் நாற்று நட்டாள், நான் அடுத்தவர் சட்டைக்குக் காலர் வைத்தேன். போதுமடா சாமி என்றுதான் சொந்தமாகக் கடை போட்டேன்.

கடை போட்ட புதிதில் சுமதி என்று ஒரு பெண் வந்தாள். பேக்கிங் கம்பெனியில் வேலை. அவளுக்கு ஒரு ஜாக்கெட் தைத்துக் கொடுத்தேன். ஒரு சுருக்கம் இல்லை. கண்ணாடி முன்னால் நின்று அவளும் பூரித்துப் போனாள், நானும் பூரித்துப் போனேன்.

மறுநாள் சாயங்காலம் திரும்பி வந்தாள். தோளைச் சுற்றி ஒரு துண்டு. துண்டை எடுத்தாள். அக்குளில் அரை ஜாண் கிழிந்திருந்தது. காலையில் முதல் பெட்டியை மேல் அடுக்கில் வைக்கக் கையைத் தூக்கினாளாம், டர்ரென்று போய்விட்டது. நாள் முழுக்க அந்தக் கையை விலாவோடு ஒட்டி வைத்துக்கொண்டே வேலை பார்த்திருக்கிறாள். சூப்பர்வைசர் திட்டியிருக்கிறார்.

நான் துணி சரியில்லை என்றேன். நூல் சரியில்லை என்றேன். அவள் சத்தம் போடவில்லை.

"துணி மேல ஏன்க்கா பழிய போடுற? நீ நிக்கிறதுக்குத் தெச்சிக்கீற. வேலை செய்றதுக்குத் தெக்கல."

அவள் சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

இன்னா வேலை உனக்கு?

அன்றிலிருந்து ஒரு வழக்கம் வைத்துக்கொண்டேன். புதிதாக யார் வந்தாலும் டேப்பை எடுப்பதற்கு முன்னால் ஒரே கேள்வி.

"இன்னா வேலைம்மா உனக்கு? செஞ்சு காட்டு."

முதலில் வெட்கப்படுவார்கள். அப்புறம் காட்டுவார்கள். டீச்சர் காற்றில் போர்டு எழுதிக் காட்டுவாள். மாத்திரைக் கம்பெனிப் பெண் உட்கார்ந்து குனிந்து அட்டை பொறுக்குவாள். ஆஸ்பத்திரி நர்ஸ் நோயாளியைப் புரட்டிப் படுக்க வைப்பாள். தினமும் ரயிலில் சென்ட்ரல் போகிறவள் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு ஆடி ஆடி நிற்பாள். கடைக்கு வெளியே நின்று பார்க்கிறவர்களுக்கு என்னவோ ஏதோ என்று இருக்கும். நான் பார்த்துக்கொண்டே இருப்பேன். எங்கே இழுக்கிறது, எங்கே பிடிக்கிறது, எந்தத் தோள் முன்னால் வருகிறது. கடைசியில், "கையைத் தூக்கு. இன்னும். இன்னும்," என்பேன். அதற்கப்புறம்தான் டேப்.

ஒருத்தி காட்டும்போதே அழுதுவிட்டாள். மார்பில் ஆபரேஷன் ஆனவள். வாயைத் திறந்து எதுவும் சொல்லவில்லை. சேலைத் தலைப்பை ஒரு பக்கமாகவே இழுத்து இழுத்து விட்டுக்கொண்டாள், அதிலேயே புரிந்தது. நானும் எதுவும் கேட்கவில்லை. உள்ளே பஞ்சு வைத்து, இரண்டு பக்கமும் ஒன்றுபோல் இருக்கிற மாதிரி தைத்துக் கொடுத்தேன். இன்றைக்கும் அவள் வேறு கடை ஏறமாட்டாள்.

என் வீட்டுக்காரருக்கு மட்டும் இதில் மரியாதையே இல்லை. சில நாள் சாப்பாட்டு நேரத்தில் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி கையைத் தூக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்.

"இன்னாய்யா?"

"கையத் தூக்கினாத்தான நீ பாப்ப. பசிக்குதுன்னு வாயால சொல்லி ரெண்டு அவர் ஆச்சு."

நான் சிரித்துவிட்டுப் பரிமாறுவேன். அதில் சிரிப்பதற்கு என்ன இருந்தது என்று இப்போது யோசிக்கிறேன்.

போன மாதம் ஆவடியில் ஒரு மகளிர் குழுக் கூட்டத்தில் என்னைப் பேசக் கூப்பிட்டார்கள். வாடிக்கையாளரின் தேவையைப் புரிந்துகொள்வது எப்படி என்று பேனரில் போட்டிருந்தது. சுமதி கதையைச் சொன்னேன், நர்ஸ் கதையைச் சொன்னேன், கை தட்டினார்கள். ஒரு சால்வை. இறங்கி வரும்போது முட்டி வலித்தது, அதைவிட மனசு அலுத்துப் போயிருந்தது. ஊருக்குத்தான் உபதேசம். ஸ்டெல்லா கதையை நான் அங்கே சொல்லவில்லை. அதனால்தான் இந்த வாரம் இந்தப் பத்திரிகையில் எழுதிக்கொண்டிருக்கிறேன்.

எனக்குத் தெரிந்த ஸ்டெல்லா

கடைக்குள் நுழைந்ததும் மூலையில் அவளுடைய இடம். அவளே கொண்டுவந்து மாட்டிய மாதா படம். அதைப் பார்த்துச் சிலுவை போட்டுக்கொண்டுதான் ஊசியை எடுப்பாள். அதிகம் பேசமாட்டாள். பேசினால் கொஞ்சம் குத்தலாக இருக்கும். எனக்கு அது பிடிக்கும்.

என்னுடைய பெருமை ஒன்று உண்டு. யாராவது, "ஆறு மாசத்துக்கு முன்னாடி தெச்சது, பத்தலக்கா," என்று வந்தால் விடமாட்டேன். "வாயைக் கட்டு. என்னைப் பாரு. கடை போட்ட நாள்லேர்ந்து முப்பத்தாறுதான்," என்பேன். பொய் இல்லை. என் ஜாக்கெட்டுக்கு நான் ஒரு பழைய பச்சை ஜாக்கெட்டை அளவுக்கு வைத்திருந்தேன். புது ஜாக்கெட் எப்போது வெட்டினாலும் அதைத் துணிமேல் போட்டு, சுண்ணாம்புக்கட்டியால் சுற்றி வரைந்து வெட்டுவேன். ஒவ்வொரு தடவையும் கச்சிதமாக இருக்கும். நான் இந்தப் பெருமையைப் பேசும்போதெல்லாம் ஸ்டெல்லா தலையைக் குனிந்துகொண்டு ஊசியில் நூல் கோப்பாள்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அவள் சேலை கட்டுவதை நிறுத்தினாள். தொளதொளவென்று முன்பக்கம் முழுக்கப் பட்டன் வைத்த டாப் ஒன்றைத் தானே தைத்துப் போட்டுக்கொண்டு வந்தாள். அதே மாதிரி நாலு. "காலேஜு போறியா ஸ்டெல்லா? எந்த டிபார்ட்மெண்ட்டு?" என்று வருகிறவர்கள் முன்னாலேயே கேட்டேன். அவளும் சிரித்துவிட்டாள்.

அப்புறம் சிலுவை போடும்போது ரொம்பவும் தலையைக் குனிய ஆரம்பித்தாள். முன்னெல்லாம் கை நெற்றிக்குப் போகும். இப்போது நெற்றி கைக்கு வந்தது. "பக்தி முத்திப்போச்சு உனக்கு," என்றேன்.

அப்புறம் அவள் சீக்கிரமாக வரத் தொடங்கினாள். ஒன்பது மணிக்கு வருகிறவள் ஏழரைக்கே வந்து கடை வாசலில் உட்கார்ந்திருப்பாள். வேலைமேல் எவ்வளவு அக்கறை என்று மெச்சி, சாவியையே கையில் கொடுத்தேன்.

அப்புறம்தான் அந்த நூல்கண்டு விவகாரம். கடையின் மேல் தட்டில் நூல்கண்டுகளை நிறம் நிறமாக அடுக்கி வைத்திருந்தேன். தெருவிலிருந்து பார்த்தால் கடைக்கு அதுதான் அழகு. ஒருநாள் போய்ப் பார்த்தால் எல்லாம் கீழே, கட்டில் மாதிரி கிடந்த கட்டிங் மேஜைக்கு அடியில் ஒரு கூடையில் கிடந்தன.

"யார் இப்படிப் பண்ணது?"

"நான்தான்க்கா. எடுக்கக் கொள்ள கீழ இருந்தா சுளுவா இருக்கும்னு."

"கடையா, காயலான் கடையா இது? எடுக்க முடியலன்னா முக்காலி போட்டு ஏறு."

நானே ஏறி, எல்லாவற்றையும் பழையபடி மேலே அடுக்கினேன். அவள் ஒவ்வொன்றாகக் கீழிருந்து எடுத்துக் கொடுத்தாள். இடது கையால் கொடுத்தாள். அதையும் பார்த்தேன். பார்த்ததோடு சரி.

கடைசியாக அந்த நாள். நான் வந்தபோது ஷட்டர் பாதி திறந்திருந்தது. உள்ளே முக்காலி கவிழ்ந்து கிடந்தது. நூல்கண்டுகள் வாசல் வரைக்கும் உருண்டு, ஒரு சிவப்பு நூல் தெருவுக்கே போயிருந்தது. ஸ்டெல்லா இல்லை. போனில், "உடம்பு முடியலக்கா ஊட்டுக்குப் போறேன்," என்று ஒரு மெசேஜ்.

போட்டது போட்டபடி போய்விட்டாளே என்று முணுமுணுத்துக்கொண்டே நூலையெல்லாம் சுற்றி, முக்காலியை நிமிர்த்தி, கண்டுகளைத் திரும்பவும் மேல் தட்டிலேயே அடுக்கினேன். முக்காலி ஏன் கவிழ்ந்தது என்று எனக்குத் தோன்றவில்லை. தோன்றவே இல்லை.

ஒரு வாரம் கழித்துப் பக்கத்து ஜெராக்ஸ் கடைக்காரம்மா வந்து, "உங்க ஸ்டெல்லா ஆவடில புதுசா ஒரு பெரிய தையல் கடைல சேந்துட்டாளாமே," என்றாள். யார் சொன்னது என்று நான் கேட்கவில்லை. சீசனில் ஆளை இழுப்பது எங்கள் தொழிலில் நடப்பதுதான். பதினான்கு வருஷம் சோறு போட்ட கை என்று எனக்கு நானே வசனம் பேசிக்கொண்டு இன்னும் ஒன்பது நாள் ஓட்டினேன். ஹூக் வைக்காத ஜாக்கெட்டுகள் குவிந்தன. அப்புறம்தான் பையைத் தூக்கினேன்.

இறங்கியிருந்த வீடு

"உள்ள வாக்கா. உக்காரு," என்றாள் ஸ்டெல்லா.

ஒரே அறை, பின்னால் சமையல், அதற்குப் பின்னால் துணி காயப்போடும் சந்து. அவள் புருஷன் லோடு வண்டி ஓட்டப் போயிருந்தான். மகள் காலேஜுக்கு. நான் உட்காரவில்லை. நின்றபடியே கேட்டேன்.

"ஆவடில எவ்ளோ தராங்க?"

"யாருக்கு?"

"உனக்குத்தான். புதுக் கடைல."

அவள் என்னைப் பார்த்தாள். "தண்ணி எடுத்துனு வரேன்," என்று உள்ளே போனாள்.

நான் சுற்றிப் பார்த்தேன். தொழில் புத்தி, கண் சும்மா இருக்காது. சுவரில் காலண்டர் என் இடுப்பு உயரத்தில் தொங்கியது. அதற்கு மேலே பழைய ஆணி அப்படியே இருந்தது, காலண்டர் மாட்டியிருந்த இடம் வெள்ளையாகத் தெரிந்தது. மாதா படம் ஸ்டாண்டிலிருந்து இறங்கி ஒரு ஸ்டூலில் இருந்தது. சமையல் அறையைப் பார்த்தேன். மேல் பலகை காலி. பருப்பு டப்பா, மிளகாய்த்தூள் டப்பா எல்லாம் தரையில் வரிசையாக நின்றன. பின் சந்தில் துணிக்கொடி மார்பு உயரத்தில் கட்டியிருந்தது. புருஷனின் லுங்கி தரையில் புரண்டுகொண்டு காய்ந்தது.

அந்த வீட்டில் எல்லாமே ஒரு முழம் இறங்கியிருந்தது.

ஸ்டெல்லா இடது கையில் டம்ளரோடு வந்தாள். வலது கை உடம்போடு ஒட்டியிருந்தது. சுமதி அன்றைக்கு விலாவோடு ஒட்டி வைத்திருந்தாளே, அதே மாதிரி.

தண்ணீரை வாங்கிக் கீழே வைத்தேன். என் வாயிலிருந்து கடையில் சொல்கிற அதே வார்த்தைதான் வந்தது.

"கையைத் தூக்கு."

"வுடுக்கா."

"தூக்கு ஸ்டெல்லா."

தூக்கினாள். மார்பு வரைக்கும் வந்தது. அதற்கு மேல் தோள்தான் ஏறியது, கை ஏறவில்லை. உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"இன்னும்," என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

"அவ்ளோதான்க்கா. ரெண்டு வருசமாவே இப்படித்தான். சக்கரை இருந்தா தோளு இறுகிக்குமாம், டாக்டரு சொன்னாரு. மொதல்ல சேலை பின் குத்த முடியல. அப்புறம் ஜாக்கெட்டுல கை நொழையல. கூட்டத்துல ரயில் கம்பிய புடிக்க முடியல, அதான் உக்கார எடம் கிடைக்கிற வண்டில சீக்கிரமா வந்தேன். இப்ப முக்காலிலேர்ந்து வுந்ததுல இன்னும் பேஜாராப் போச்சு. அதே தோளு மேலயே வுந்துட்டேன்."

"மேல் தட்டுல நூல் எடுக்கறப்பவா?"

"அரக்கு நூலு. அது கடைசிலதான இருக்கும்."

அரக்கு நூல் கடைசியில்தான் இருக்கும். நான்தான் அங்கே வைத்தேன். இரண்டாம் தடவையும் நான்தான் வைத்தேன்.

நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன்.

"ஏன்டி எங்கிட்ட சொல்லல?"

"நீ கேக்கலயேக்கா."

சொல்லிவிட்டு, அது கொஞ்சம் கடுமையாகப் போய்விட்டது என்று நினைத்தாளோ என்னவோ, என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள்.

"பயமாவும் இருந்துச்சு. அந்த மார்க்கெட்டு டெய்லருக்குக் கை நடுக்கம் வந்தப்ப நீ இன்னா சொன்ன? 'கை போன டெய்லரும் கண்ணு போன டிரைவரும் ஒன்னு, ஊட்ல உக்கார வேண்டியதுதான்'னு சொன்ன. சொல்லிட்டு சிரிச்ச. நானும் சிரிச்சேன். அன்னிக்கே எனக்குக் கை பாதிதான் தூக்க வரும். எம்பொண்ணு மொத வருசம் காலேஜு சேந்த நேரம்."

நான் அப்படிச் சொன்னது எனக்கு நினைவே இல்லை. ஆனால் நான் பேசுகிற மாதிரிதான் இருந்தது. மறுக்க முடியவில்லை.

நோட்டில் இல்லாத பக்கம்

என் அளவு நோட்டில் நூற்றுக்கணக்கான பெண்கள் இருக்கிறார்கள். பேருக்குக் கீழே அளவு, அளவுக்குக் கீழே அவர்கள் வேலை, எந்தக் கை அதிகம் அசையும், எங்கே வலி. ஒரு தடவை வந்து அப்புறம் எட்டியே பார்க்காதவளுக்குக்கூட ஒரு பக்கம் உண்டு. ஸ்டெல்லாவுக்கு இல்லை. அவள் துணியை அவளே தைத்துக்கொண்டாள், நான் எதற்கு அளக்க வேண்டும். பக்கத்தில் இருப்பவளைப் பார்த்துக்கொண்டேதானே இருக்கிறோம் என்று இருந்துவிட்டேன்.

கழுத்திலிருந்த டேப்பைக் கழற்றினேன்.

"எழுந்திரு. அளவு குடு."

"இன்னாத்துக்கு?"

"கிறிஸ்துமஸுக்கு நீ சேலை கட்டணும். முன்னாடி முழுசா தெறக்கற மாதிரி, தோள்லயும் தெறக்கற மாதிரி ஒன்னு தெக்கறேன். கைய அசைக்காமயே போட்டுக்கலாம்."

அளந்தேன். வலது தோள் இடதைவிட ஒரு விரல்கடை ஏறியிருந்தது. பின் கழுத்தில் ஒரு தழும்பு, எனக்குத் தெரியாது. நோட்டு இல்லாததால் காலண்டரில் முடிந்துபோன மாதத்தைக் கிழித்து, அதன் முதுகில் எழுதினேன். எழுதி முடித்ததும் அந்தக் கேள்வியைக் கேட்டேன். வருகிறவர்கள் எல்லோரிடமும் முதலில் கேட்பதை அவளிடம் கடைசியாகக் கேட்டேன்.

"உனக்கு இன்னா வேணும்? கடைல. சொல்லு."

அவள் யோசித்தாள்.

"தோளுக்கு வைத்தியம் நடக்குது. பொங்கலுக்கு அப்புறம் வரேன்க்கா. பதினோரு மணி வண்டில வரேன், அது காலியா இருக்கும். நூல கீழ வெச்சிரு. இஸ்திரிய வேற யாரையாவது வெச்சு போட்டுக்கோ. அது என்னால முடியாது."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்."

இரண்டு வருஷமாக அவள் மறைத்து வைத்திருந்தது இவ்வளவுதான். ஒரு தட்டு, ஒரு வண்டி, ஒரு இஸ்திரிப் பெட்டி.

நான் டேப்பைச் சுருட்டினேன். "இத்தனை வருசத்துல உன் அளவு எனக்குத் தெரியாமப் போச்சே," என்றேன். என் குரல் எனக்கே கேட்கச் சகிக்கவில்லை.

"எனக்கு உன் அளவு தெரியும்," என்றாள் ஸ்டெல்லா.

"முப்பத்தாறு. ஊருக்கே தெரியும்."

அவள் சிரிப்பை அடக்கிப் பார்த்தாள், முடியவில்லை.

"நாப்பதுக்கா. நாப்பதர இருந்தாலும் இருக்கும்."

நான் குனிந்து என் ஜாக்கெட்டைப் பார்த்தேன்.

"அந்தப் பச்ச ஜாக்கெட்ட வெச்சுத்தான வெட்டுவ? மொத தபா உனக்கு அது இறுக்கிப் புடிச்சப்போ, மூச்சு வாங்குது, பிரஷரு போல இருக்குன்னு சொல்லிகினு இருந்த. நான் ஹூக்கு மாத்தறேன்னு வாங்கி, ரெண்டு பக்கமும் ஒரு தையல் பிரிச்சு வுட்டேன். அப்புறம் வருசா வருசம். தையலுக்கு உள்ள நீ நிறையத் துணி வுட்டிருந்தியா, அதுபாட்டுக்கு வந்துகினே இருந்துச்சு. இடது தோளு உனக்கு எறங்கிடுச்சு, அங்கயும் கொஞ்சம் வுட்டேன்."

"ஏன்டி சொல்லல?"

"நீதான் எல்லார்கிட்டயும் முப்பத்தாறுன்னு சந்தோசமா சொல்லிகினு இருந்தியே."

தெருவில் தண்ணி கேன் வண்டி ஒன்று மணி அடித்துக்கொண்டு போனது. அவள் குரலைத் தாழ்த்தினாள்.

"போன தீவாளியோட உள்ள துணி தீந்துபோச்சுக்கா. இனிமே பிரிக்க ஒன்னும் இல்ல. நான் இல்லாத நேரத்துல நீ அத வெச்சு நல்ல பட்டு எதையாவது வெட்டிடப் போறியேன்னுதான் எனக்குக் கவலையா இருந்துச்சு. புதுசா அளவு எடுத்துத்தான் தெக்கணும்."

பன்னிரண்டு ஜாக்கெட்டையும் அப்படியே திருப்பித் தூக்கிக்கொண்டு வந்தேன். அவள் கேட்டாள், நான் கொடுக்கவில்லை. நானே உட்கார்ந்து ஹூக் வைத்தேன். அவள் வைக்கிற மாதிரி வரவில்லை. இரண்டு பேர் வந்து சொல்லவும் சொன்னார்கள். ஸ்டெல்லாவின் ஜாக்கெட்டை மட்டும் கிறிஸ்துமஸுக்கு முன்னாலேயே முடித்துக் கொடுத்துவிட்டேன்.

பதினோரு மணி வண்டி

மறுநாளே ஆசாரியைக் கூப்பிட்டு மேல் தட்டைக் கழற்றி இடுப்பு உயரத்தில் அடிக்கச் சொன்னேன். தெருவிலிருந்து பார்த்தால் இப்போது நூல்கண்டுகள் தெரிவதில்லை. கடைக்கு அழகு குறைந்துபோச்சு என்று ஜெராக்ஸ் கடைக்காரம்மா சொன்னாள். போகட்டும்.

வீட்டில் இப்போது நானாகவே நேரத்துக்குத் தட்டை வைக்கப் பார்க்கிறேன். சில நாள் வைக்கிறேன். சில நாள் அவர் கையைத் தூக்க வேண்டித்தான் இருக்கிறது. ஒரே நாளில் திருந்திவிட்டேன் என்று எழுதினால் அவரே இந்தப் பத்திரிகைக்கு மறுப்புக் கடிதம் போடுவார்.

பொங்கல் முடிந்து, ஸ்டெல்லா வருவதாகச் சொன்ன நாள். காலையில் கடையைத் திறந்ததும் அந்தப் பச்சை ஜாக்கெட்டை எடுத்து, உள்பக்கத்தை வெளியே திருப்பினேன். விலாவில் பிரித்த தையலின் தடங்கள். ஊசி ஏறி இறங்கிய பொடிப்பொடி ஓட்டைகள், ஒரு வரிசை, அதற்குப் பக்கத்தில் இன்னொரு வரிசை. பழைய வரிசைகள் சலவையில் மங்கியிருந்தன. கடைசி வரிசை துணியின் ஓரத்தைத் தொட்டுக்கொண்டு இருந்தது. நான் பெருமை பேசிய ஒவ்வொரு வருஷமும் அவள் குனிந்து உட்கார்ந்து ஒரு வரிசை பிரித்திருக்கிறாள்.

அதை மடித்து வைத்துவிட்டு, கண்ணாடி முன்னால் நின்று என்னை நானே அளந்து பார்த்தேன். முன்பக்கம் வந்துவிட்டது. முதுகுப் பக்கம் டேப் நழுவி நழுவி இறங்கியது. எத்தனை தடவை போட்டாலும் நிற்கவில்லை. இத்தனை வருஷத் தொழிலில் தன் முதுகைத் தானே அளக்க முடியாது என்பதே அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

டேப்பைக் கழுத்தில் போட்டுக்கொண்டு, நோட்டில் ஒரு புதுப் பக்கத்தைத் திறந்து வைத்துவிட்டு, பதினோரு மணி வண்டிக்காக வாசலைப் பார்த்து உட்கார்ந்திருந்தேன்.